செய்தி வாசித்த முகமும் செய்தி எழுதிய கையும்

(சங்கத்தின் மாதாந்திரக் கூட்டத்தில் ஆற்றிய உரை. அச்சுக்காகச் சிறிது சுருக்கப்பட்டுள்ளது.)

 

சென்ற மாதக் கூட்டம் முடியும் நேரத்தில், கல்லூரியில் படிக்கும் தங்கை ஒருவர் எழுந்து ஒரு கேள்வி கேட்டார். "தமிழில் இத்தனை சேனல், மராத்தியில் இத்தனை, இந்தியில் இத்தனை என்று வீடு நிறைய வருகின்றன. நம் சந்தில் நான்கு நாளாகத் தண்ணீர் வராத செய்தி மட்டும் ஒன்றிலும் வருவதில்லை. நாங்கள் படித்து முடித்து டி.வி.யில் செய்தி வாசிக்கப் போனால் இந்த நிலை மாறுமா?" என்றார்.

"மாறும் அம்மா, போய் வா" என்று சொல்லிக் கைதட்டல் வாங்கியிருக்கலாம். எங்களுக்கு மனம் வரவில்லை. ஒரு மாதம் தவணை கேட்டோம். தவணை தீர்ந்துவிட்டது, கடனை அடைக்க வந்திருக்கிறோம்.

இந்த நகரத்திலேயே செய்தி வாசித்த ஒரு பெண்ணின் வாழ்க்கையை வைத்துத்தான் பதில் சொல்லப் போகிறோம். அவர் பெயர் ஸ்மிதா பாட்டீல். நடிகை என்றுதான் உங்களில் பலரும் அவரை அறிவீர்கள். ஆனால் சினிமா கொட்டகைக்கு வருவதற்கு முன்பே அவர் நம் வீடுகளுக்கு வந்துவிட்டார். பம்பாய் தொலைக்காட்சியில் மராத்திச் செய்தி வாசித்தவர் அவர்.

பெட்டி வந்த கதை

இந்தியாவில் தொலைக்காட்சி 1959 செப்டம்பர் 15-ஆம் நாள் டில்லியில் சோதனையாகத் தொடங்கியது. அப்போது அது வானொலியின் ஒரு கிளை. 1965-இல்தான் அன்றாட ஒளிபரப்பு வந்தது. ஐந்து நிமிடச் செய்தியும் வந்தது. அந்தச் செய்தியை முதலில் வாசித்தவர் பிரதிமா புரி. சிம்லாவில் பிறந்து, வானொலியில் பழகி, டில்லிக்கு வந்தவர். ஆக, இந்த நாட்டில் முதன்முதலாகச் செய்திக்கு முகம் கொடுத்தவர் ஒரு பெண், அதுவும் பிழைப்புக்கு ஊர்விட்டு ஊர் வந்த பெண் என்பதை நம் தங்கைகள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

டில்லிக்கு அடுத்த நிலையம் நம் பம்பாய். 1972 அக்டோபர் 2-ஆம் நாள் வொர்லியில் தொடங்கியது. சென்னைக்குத் தொலைக்காட்சி நிலையம் வந்தது 1975 ஆகஸ்ட் 15-இல்தான். ஊரில் இருந்த நம் சொந்தபந்தங்கள் அந்தப் பெட்டியைக் காண்பதற்கு மூன்று ஆண்டுகள் முன்பே, இங்கே மில்லிலும் தோல் பதனிடும் கொட்டகையிலும் வேலை செய்த நாம் அதைப் பார்த்துவிட்டோம்.

பார்த்துவிட்டோம் என்றால், வாங்கிப் பார்த்தோம் என்று பொருள் கொள்ள வேண்டாம்! தபால் நிலையத்தில் ஆண்டுதோறும் லைசென்ஸ் கட்டணம் கட்ட வேண்டிய காலம் அது. ஒரு சாலில் ஒரு வீட்டில் பெட்டி இருந்தால் அதிகம். அந்த வீட்டு வாசலில் செருப்புகள் குவிந்து கிடக்கும். உள்ளே பிள்ளைகள், நடுவே பெண்கள், ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு ஷிப்டு முடிந்து வந்த ஆண்கள். படம் கறுப்பு வெள்ளை. வண்ணம் வந்தது 1982 ஆகஸ்ட் 15-இல்தான்.

அந்தப் பெட்டியில் தமிழ் பேசவில்லை. தமிழில் செய்தி வேண்டுமானால் ரேடியோவைத்தான் நம்பினோம். டில்லியிலிருந்து ஆகாசவாணியின் தமிழ்ச் செய்தி வரும். அதை வாசித்த சரோஜ் நாராயணசாமி இதே பம்பாயில் பிறந்து வளர்ந்தவர். முப்பத்தைந்து ஆண்டுகள் வானொலியில் பணியாற்றி, 2022 ஆகஸ்ட் 13-ஆம் நாள் இதே மும்பையில் மறைந்தார். காதுக்குத் தமிழ் கொடுத்தவர் நம் ஊர்ப் பெண். கண்ணுக்கு முகம் காட்டியவர் மராட்டியப் பெண். இரண்டையும் சேர்த்துத்தான் எங்கள் தலைமுறை உலகத்தை அறிந்தது.

தொலைக்காட்சி பேசிய மராத்தியைப் பிள்ளைகள்தான் தாய்மார்களுக்கு மொழிபெயர்த்துச் சொன்னார்கள். "என்னடா சொல்கிறாள் அந்தப் பெண்?" என்று அம்மா கேட்பாள், மூன்றாம் வகுப்புப் பிள்ளை பாதி புரிந்து பாதி புரியாமல் சொல்வான். அப்படித்தான் எங்கள் தாய்மார்கள் விலைவாசியையும் வெள்ளத்தையும் தேர்தலையும் அறிந்தார்கள்.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 1966-இல் சிவசேனை தோன்றியபின் தென்னாட்டாரை விரட்ட வேண்டும் என்ற கூச்சல் இந்த நகரத்தில் எழுந்தது. நம்மவர் கடைகளும் ஓட்டல்களும் அடி வாங்கின. மராத்தி எங்கள் காதில் விழுந்தது இரண்டு இடங்களில். ஒன்று, மில்லில் பக்கத்துத் தறியில் நின்ற தோழனின் வாயிலிருந்து. மற்றொன்று, "ஊருக்குப் போ" என்று தெருவில் கத்தியவனின் வாயிலிருந்து. மூன்றாவதாக, பெட்டிக்குள்ளிருந்து ஒரு பெண் அதே மொழியை அமைதியாக, நம் முகத்தை நேராகப் பார்த்துப் பேசினாள். அந்த மொழியைப் பயமில்லாமல் கேட்க எங்கள் தாய்மார்கள் பழகியது அங்கேதான். இது சிறிய காரியமா?

வாசித்தவர் யார்?

ஸ்மிதா பாட்டீல் 1955 அக்டோபர் 17-ஆம் நாள் புணேயில் பிறந்தவர். தந்தை சிவாஜிராவ் பாட்டீல் விடுதலைப் போராட்ட வீரர். பின்னாளில் மராட்டிய அமைச்சர். தாயார் சமூகத் தொண்டர். சிறு வயதிலேயே ராஷ்டிர சேவா தளத்தில் பாட்டும் கூத்தும் ஊர்ப்பணியும் பழகியவர். செய்தி வாசிக்க உட்கார்ந்தபோது அவருக்கு இருபது வயது நிறையவில்லை.

சினிமாவிலும் விளம்பரத்திலும் சிவப்பு நிறமே அழகு என்று விற்றுக்கொண்டிருந்த காலத்தில், மாநிறத்துக்கும் சற்றுக் கறுத்த ஒரு பெண், நெற்றியில் பெரிய பொட்டோடு, பூச்சு இல்லாமல் திரையில் வந்தாள். நம் வீட்டுப் பெண்கள் அதைக் கவனித்தார்கள். "நம்ம பெண்ணு மாதிரி இருக்கிறாளே" என்றார்கள். அவர் ஜீன்ஸ் கால்சட்டையோடு ஸ்டூடியோவுக்கு வந்து, நேரமாகிவிட்டதென்று அதன் மேலேயே சேலையைச் சுற்றிக்கொண்டு உட்கார்ந்து விடுவார் என்று அவரோடு பழகியவர்கள் சொல்லியிருக்கிறார்கள். பெட்டியில் தெரிவது இடுப்புக்கு மேலேதான். அன்றைய தொலைக்காட்சி நமக்கு எவ்வளவு காட்டியது, எவ்வளவு மறைத்தது என்பதற்கு அதையே ஓர் அடையாளமாகக் கொள்ளலாம்.

அந்த வேலை எப்படிப்பட்டது? இன்று வாசிப்பவருக்கு எதிரே கண்ணாடியில் எழுத்து ஓடுகிறது. அன்று கையில் தாள். தாளைப் பார்த்து, வரியை மனத்தில் வாங்கி, தலை நிமிர்ந்து, காமிராவைப் பார்த்துச் சொல்ல வேண்டும். நேரடி ஒளிபரப்பில் நாக்கு இடறினால் இடறியதுதான், திருத்த வழியில்லை. செய்தி வாசித்தவர்களில் பலர் நிலையத்தின் நிரந்தர ஊழியர்களும் அல்லர். ஒரு முறை வாசித்தால் இவ்வளவு என்று பேசிய கூலி. முகம் நகரம் முழுவதற்கும் தெரியும். வேலைக்கு உத்தரவாதம் கிடையாது. நாள் கூலிக்குப் போகும் நமக்கு இது புரியாத கணக்கல்ல.

தாளை எழுதிய கை

இப்போது நம் கேள்வியின் முக்கிய இடத்துக்கு வருகிறோம். அந்தத் தாளை யார் எழுதினார்கள்?

வாசித்தவர் எழுதவில்லை. அரசு நிலையத்தின் செய்திப் பிரிவு எழுதியது. எதைச் சேர்ப்பது, எதை விடுவது, எதை முதலில் வைப்பது என்பதெல்லாம் அங்கே முடிவாகும். அந்தப் பிரிவுக்கு மேலே அமைச்சகம். அமைச்சகத்துக்கு மேலே ஆளும் கட்சி. வானொலியும் தொலைக்காட்சியும் அரசின் பிடியிலிருந்து விலகித் தனி நிறுவனங்களாக இயங்க வேண்டும் என்று சந்தா குழு 1966-லேயே பரிந்துரைத்தது. கேட்பாரில்லை.

அதன் பலனை நாடு நெருக்கடி நிலையில் அனுபவித்தது. 1975 ஜூன் 25 இரவு முதல் 1977 மார்ச் வரை, தலைவர்கள் சிறையில் இருந்தார்கள், பத்திரிகைகளுக்குத் தணிக்கை, தொலைக்காட்சியில் அரசின் புகழ். 1977 பிப்ரவரி 6-ஆம் நாள் டில்லி ராம்லீலா மைதானத்தில் ஜெயப்பிரகாஷ் நாராயணும் ஜகஜீவன் ராமும் பேசிய எதிர்க்கட்சிக் கூட்டம். மக்கள் வீட்டை விட்டு வெளியே வரக்கூடாது என்று, அன்று மாலை தொலைக்காட்சியில் 'பாபி' சினிமாவைப் போட்டார்கள். மக்கள் படத்தை விட்டுவிட்டுக் கூட்டத்துக்குத் திரண்டார்கள் என்பது வரலாறு.

1984 அக்டோபர் 31-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். காலையில் பிரதமர் இந்திரா காந்தி சுடப்பட்டார். அந்நிய வானொலியைக் கேட்டவர்களுக்கு இறப்புச் செய்தி முன்பே எட்டிவிட்டது. தூர்தர்ஷன் அதைச் சொன்னது மாலையில்தான். சொன்னவர் சல்மா சுல்தான், கூந்தலில் ரோஜாப் பூவோடு நாடு முழுவதும் பழகிய முகம். அந்தச் செய்தியை அவ்வளவு நேரம் தாமதித்தது அவரா? இல்லை. அவர் கைக்குத் தாள் வந்தபோது வாசித்தார். கெட்டிக்காரியானாலும் மனச்சாட்சி உள்ளவரானாலும், கைக்கு வராத தாளை வாசிக்க முடியாது தோழர்களே!

1978-இல் வர்கீஸ் குழு மறுபடியும் தன்னாட்சி கேட்டது. பிரசார் பாரதி சட்டம் நிறைவேறியது 1990-இல். நடைமுறைக்கு வந்தது 1997-இல். சந்தா குழு சொன்னதிலிருந்து முப்பத்தொரு ஆண்டுகள். அதற்குள் தனியார் சேனல்கள் வந்துவிட்டன. 1993 ஏப்ரல் 14-இல் சன் டி.வி. தொடங்கியது, கேபிள் வழியாகத் தமிழ் நம் அறைக்குள் வந்தது. மகிழ்ந்தோம். ஆனால் தாள் அமைச்சகத்திடமிருந்து முதலாளியிடம் போனதே தவிர, நம்மிடம் வரவில்லை. அதனால்தான் நம் தங்கையின் சந்தில் வராத தண்ணீர் எந்தச் சேனலிலும் வரவில்லை.

வாசித்தவர் எழுந்து நடந்தார்

ஸ்மிதாவின் கதைக்குத் திரும்புவோம். செய்தி வாசித்த அந்த முகத்தை இயக்குநர் ஷியாம் பெனகல் தொலைக்காட்சியில் கண்டார். 1975-இல் 'சரண்தாஸ் சோர்', 'நிஷாந்த்' ஆகிய படங்களில் நடிக்க வைத்தார். 1976-இல் 'மந்தன்' வந்தது. குஜராத்தின் பால் உற்பத்தியாளர் ஐந்து லட்சம் பேர் ஆளுக்கு இரண்டு ரூபாய் போட்டு எடுத்த படம் அது. பண்ணையாரின் பணமும் வட்டிக்காரன் பணமும் இல்லாமல், கறவை மாடு வைத்திருந்தவர்கள் தங்கள் கதையைத் தாங்களே காசு போட்டுச் சொல்லிக்கொண்டார்கள். செய்தித் தாள் யார் கையில் இருக்க வேண்டும் என்று நாம் கேட்கிறோமே, அதற்கு ஐந்து லட்சம் பேர் காட்டிய வழி இது.

1981-இல் 'சக்ரா' வெளிவந்தது. அதில் ஸ்மிதா ஏற்றது பம்பாய்க் குடிசையில் பிள்ளையோடு வாழும் ஒரு தாயின் வேடம். அந்தப் பாத்திரத்தின் பெயரே அம்மா. கிராமத்தை விட்டு ஓடிவந்து, கணவனை இழந்து, இந்த நகரத்தின் சாக்கடை ஓரத்தில் பிள்ளை வளர்ப்பவள். அதற்காக அவர் குடிசைப் பகுதிகளுக்கே போய்ப் பார்த்துப் பழகினார். அந்த நடிப்புக்குத் தேசிய விருது கிடைத்தது. முன்னரே 'பூமிகா'வுக்காகவும் பெற்றிருந்தார்.

நம் தாய்மார்கள் அறிந்த ஒரு காட்சி அந்தப் படத்தில் உண்டு: திறந்தவெளியில் குளிக்கும் பெண். நான்கு சுவர் இல்லாதவள் வேறு எங்கே குளிப்பாள்? அந்தக் கஷ்டத்தைக் காட்டியது படம். அதையே சுவரொட்டியில் போட்டு ஆள் சேர்த்தது வியாபாரம். ஒரே காட்சி, இரண்டு கைகள். எடுத்த கை ஒன்று. விற்ற கை ஒன்று. படத்தின் முடிவில் புல்டோசர் வருகிறது.

படத்தில் மட்டுமா வந்தது? அதே 1981-ஆம் ஆண்டு ஜூலை 13-ஆம் நாள், அன்றைய முதலமைச்சர் அந்துலே, பம்பாய் நடைபாதைவாசிகளையெல்லாம் அகற்றி அவரவர் ஊருக்கு அனுப்பப் போவதாக அறிவித்தார். கொட்டும் மழையில் குடிசைகள் இடிக்கப்பட்டன.

அப்படி அனுப்பப்பட்டவர்களில் நம் சேலத்துக்காரர் ஒருவர் உண்டு. நிலமில்லாத கூலியாள். ஊரில் பஞ்சம் வந்து பிழைப்பு போனதால் 1961-இல் பம்பாய் வந்தார். ஒரு ரசாயனக் கம்பெனியில் நாளுக்கு 23 ரூபாய் கூலி. மேற்கு விரைவு நெடுஞ்சாலையின் நடைபாதையில் பிளாஸ்டிக் தாளும் கித்தானும் போட்ட ஒரு மறைப்புக்காகக் குடிசை தாதா ஒருவன் அவரிடம் பறித்தது 2,500 ரூபாய். மனைவி, மூன்று பெண் குழந்தைகள். 1981 ஜூலை 23-இல் அதை இடித்து, குடும்பத்தைச் சேலத்துக்குப் பஸ் ஏற்றி விட்டார்கள். மனைவியும் மக்களும் ஊரில் தங்க, அவர் வேலை தேடித் திரும்பி வந்து மறுபடியும் நடைபாதையில் குடியேறினார்.

இவ்வளவு விவரமும் நமக்கு எப்படித் தெரியும்? எந்தத் தொலைக்காட்சித் தாளிலிருந்தும் நாங்கள் எடுக்கவில்லை. உச்ச நீதிமன்றத் தீர்ப்பிலிருந்து எடுத்தோம். ஓல்கா டெல்லிஸ் என்ற பெண் பத்திரிகையாளர் வழக்குத் தொடுத்தார். அந்தச் சேலத்துத் தோழரும் மனுதாரராக நின்றார். 1985 ஜூலை 10-இல் வந்த தீர்ப்பு, உயிர் வாழும் உரிமையில் பிழைக்கும் உரிமையும் அடங்கும் என்றது. ஆனால் முறைப்படி அறிவிப்புக் கொடுத்து, மழைக்காலம் கழிந்து அகற்றலாம் என்றும் சொல்லிவிட்டது. 1976 கணக்கெடுப்பில் பெயர் ஏறியவர்களுக்கு மாற்று இடம் தர வேண்டும் என்றது. நடைபாதைவாசிகள் விஷயத்தில், இடம் கொடுத்த பிறகே அகற்ற வேண்டும் என்று கட்டாயப்படுத்தவில்லை. முழு வெற்றி என்று நாங்கள் பொய் சொல்ல மாட்டோம். ஆயினும், 23 ரூபாய்க் கூலிக்காரர் ஒருவரின் கணக்கு இந்த நாட்டின் உயர்ந்த நீதிமன்றத்தின் ஏட்டில் ஏறி நிற்கிறது. இன்றும் சட்டக் கல்லூரிப் பிள்ளைகள் அதைப் படிக்கிறார்கள்.

ஸ்மிதா பாட்டீல் 1986 டிசம்பர் 13-ஆம் நாள், பிள்ளை பெற்ற சில நாட்களில், 31 வயதில் மறைந்தார். பெரிய வீட்டுப் பெண். நம் நடைபாதையில் பிறந்தவர் அல்லர். செய்தி வாசித்த நாற்காலியிலேயே சுகமாக இருந்திருக்கலாம். அதை விட்டு எழுந்து, தாளில் இடம்பெறாதவர்கள் குடியிருந்த இடத்துக்குப் போய்ப் பார்த்தார். அதற்காகத்தான் அவரை நினைக்கிறோம்.

தங்கைக்கு எங்கள் பதில்

அம்மா, நீ செய்தி வாசிக்கப் போ. கட்டாயம் போ. உன் நிறம், உன் பெயர், நீ வளர்ந்த சந்து எதுவும் தடையாக இருக்கக் கூடாது. உன் முகம் அங்கே தெரிந்தால் இங்கே பத்துப் பெண்கள் பள்ளிக்கூடத்தை விடாமல் படிப்பார்கள். ஆனால் முகம் போனால் மட்டும் சந்துக்குத் தண்ணீர் வராது. தாளை எழுதும் அறைக்குள் போக வேண்டும். நடந்து போய்ப் பார்த்துவிட்டு வந்து எழுத வேண்டும்.

அதுவரை நாங்கள் என்ன செய்வது என்று மற்றவர்கள் கேட்கலாம். நம் தாளை நாமே எழுத வேண்டும். 2024-இல் தாராவியில் மறுசீரமைப்புக்காக வீடு வீடாகக் கணக்கெடுப்புத் தொடங்கியது. 2000 ஜனவரி 1-க்கு முன்பிருந்தே தரைத் தளத்தில் குடியிருந்ததற்குச் சான்று உள்ளவர்களுக்குத்தான் தாராவியிலேயே வீடு என்று விதி வைத்தார்கள். நாற்பது ஆண்டு வாழ்ந்தோம் என்று வாயால் சொன்னால் யார் கேட்பார்கள்? மின்கட்டண ரசீது, ரேஷன் அட்டை, பிள்ளையின் பள்ளிச் சான்று: இவை பேசும். சேலத்துத் தோழருக்காகப் பேசியவை தேதியும் தொகையும்தானே?

ஆகவே சங்கத்தின் சார்பில் ஒரு வேண்டுகோள். ஒவ்வொரு சந்துக்கும் ஒரு நோட்டுப் புத்தகம் வைப்போம். தண்ணீர் எந்த நாள் வரவில்லை, எந்த அதிகாரி எந்தத் தேதியில் வந்தார், என்ன அறிவிப்பு ஒட்டினார், யாரிடம் எவ்வளவு பணம் கேட்டார்கள் என்று அன்றன்றே எழுதுவோம். எழுதத் தெரியாத தாய்மார்கள் சொல்லட்டும், பிள்ளைகள் எழுதட்டும். அன்று மராத்திச் செய்தியை அம்மாவுக்கு மொழிபெயர்த்த பிள்ளைகளைப் போல, இன்று அம்மாவின் செய்தியைப் பிள்ளைகள் தாளில் ஏற்றட்டும். மாதம்தோறும் அவற்றிலிருந்து முக்கியமானவற்றை இந்த இதழில் வெளியிடுவோம்.

நோட்டுப் புத்தகங்கள் வாசல் மேசையில் இருக்கின்றன. போகும்போது சந்துக்கு ஒருவர் கையெழுத்திட்டு வாங்கிச் செல்லுங்கள்.